எடி கார்சியா: எழுபது ஆண்டு நடிப்பு, ஒரு கேபிள், ஒரு சட்டம்

1987-இல் வந்த 'காபக் புனோ நா அங் சலோப்' படத்தில் நீதிபதி வால்டெராமாவாக எடி கார்சியா வருகிறார். எதிரே பெர்னாண்டோ போ ஜூனியர், பிலிப்பைன்ஸ் மக்கள் எஃப்.பி.ஜே. என்றும் 'டா கிங்' என்றும் கொண்டாடிய நாயகன். ஒருவர் சட்டத்தை விலை பேசும் நீதிபதி, மற்றவர் சட்டத்தை நம்பும் போலீஸ்காரர். எஃப்.பி.ஜே.யின் படங்களில் நாயகன் அதிகம் பேச மாட்டார். குனிந்த பார்வையோடு பொறுத்துக்கொண்டே இருப்பார். கடைசியில் பொறுமை உடைந்து துப்பாக்கியை எடுப்பார். அந்தக் கடைசிக் கால் மணி நேரத்துக்காகத்தான் கூட்டம் டிக்கெட் வாங்கியது.

ஆனால் அதுவரை படத்தை யார் ஓட்டுவது? நாயகன் பொறுத்துக்கொண்டிருக்க வேண்டுமென்றால், பொறுக்க முடியாத ஒன்றை யாராவது விடாமல் செய்துகொண்டிருக்க வேண்டும். அதை எடி கார்சியா செய்தார். வால்டெராமா கத்துவதில்லை. கனமான குரலை இறக்கி, சொற்களைத் தனித்தனியாக வைத்துப் பேசுகிறார். தனக்கு எதுவும் ஆகாது என்ற நிம்மதி முகத்தில் இருக்கிறது. பார்ப்பவரின் கோபத்தைக் கிளறுவது அந்த நிம்மதிதான். நாயகன் சுடும்போது எழுந்த கைதட்டலில் பாதி இவர் சம்பாதித்தது என்றே நான் நினைக்கிறேன். அந்தப் படம் ஓடியதால் கதை இன்னும் இரண்டு பாகங்களுக்கு நீண்டது.

நாயகன் பெயருக்கு அடுத்த வரியில் வரும் ஒரு நடிகரின் தொழில் வாழ்க்கை எப்படி எழுபது ஆண்டு நீடித்தது, அது எப்படி முடிந்தது, முடிந்த விதத்தால் ஒரு நாட்டின் சட்டம் எப்படி மாறியது என்பதைப் பார்க்க எடி கார்சியாவைவிடப் பொருத்தமானவர் பிலிப்பைன்ஸ் சினிமாவில் வேறு யாரும் எனக்குத் தெரியவில்லை.

அவர் பிறந்தது 1929 மே 2. ஊர் பிகோல் பகுதியில் உள்ள சோர்சோகோன் மாகாணத்தின் ஹுபான். திரையுலகம் கடைசி வரை அவரை 'மனோய்' என்றே கூப்பிட்டது. பிகோல் மக்கள் அண்ணனை அழைக்கும் சொல் அது. போர் முடிந்த சமயத்தில் அமெரிக்கப் படையின் கீழ் இருந்த பிலிப்பைன் ஸ்கவுட்ஸில் சேர்ந்து, ராணுவ போலீஸாக ஒகினாவாவில் இருந்தார். சினிமாவுக்கு வந்தது 1949-இல், மனுவேல் கோண்டே இயக்கிய 'சியெட்டே இன்ஃபான்டெஸ் டி லாரா' வழியாக. நிமிர்ந்த முதுகும் அளந்து வைத்த அடியும் ராணுவத்திலிருந்து வந்தவை என்று எனக்குத் தோன்றும். தொண்ணூறு வயதிலும் அந்த முதுகு வளையவில்லை.

அப்போது மணிலாவில் படத் தொழில் நான்கு பெரிய ஸ்டூடியோக்களின் கையில் இருந்தது: சம்பாகிட்டா, எல்விஎன், பிரீமியர், லெப்ரான். நடிகர்கள் ஒப்பந்தத்தில் மாதச் சம்பளக்காரர்கள் மாதிரி இருந்தார்கள். எந்தப் படத்தில் யார் நாயகன், யார் வில்லன் என்பதை முதலாளிதான் தீர்மானிப்பார். எடி கார்சியா சம்பாகிட்டாவில் இருந்தார். அங்கே வெள்ளையாக, மென்மையாக இருப்பவர்கள் காதல் நாயகர்கள். கூர்மையான தாடையும் கொஞ்சம் ஏளனமும் தெரியும் முகத்துக்கு வில்லன் வேடம், அந்த ஊர் வழக்கில் சொன்னால் 'கொன்ட்ராபிடா'. அவருக்கு அதுதான் அமைந்தது.

அமைந்ததை அவர் அலட்சியமாக எடுத்துக்கொள்ளவில்லை. அந்த நாட்டின் மூத்த திரை விருதான ஃபாமாஸ் 1952-இல் தொடங்கியது. அதில் சிறந்த துணை நடிகர் விருதை 1957-இல் 'தாகா சா பாட்டோ', 1958-இல் 'கொண்டெனாடோ', 1959-இல் 'தனிகாலாங் அபோய்' என்று மூன்று ஆண்டுகள் தொடர்ந்து வாங்கினார். ஒரே பிரிவில் ஐந்து முறை வென்றால் ஃபாமாஸில் 'ஹால் ஆஃப் ஃபேம்' கௌரவம் தருவார்கள். எடி கார்சியாவுக்குத் துணை நடிகராக 1974-இல் கிடைத்தது, இயக்குநராக 1991-இல், சிறந்த நடிகராக 2003-இல். மூன்று பிரிவுகளிலும் அந்த இடத்துக்குப் போனவர் அவர். முதல் படியிலிருந்து மூன்றாவது படிக்கு ஏற இருபத்தொன்பது ஆண்டுகள் ஆகியிருக்கின்றன. துணை நடிகர் முதலில், கதாநாயக நடிகர் கடைசியில் என்ற அந்த வரிசையே அவர் வாழ்க்கையின் சுருக்கம்.

1960-களில் பெரிய ஸ்டூடியோக்கள் தளர்ந்தன. எல்விஎன் 1961-இல் படத் தயாரிப்பை நிறுத்தியது. எஃப்.பி.ஜே., பின்னாளில் நாட்டின் அதிபரான ஜோசப் எஸ்திராடா போன்ற நட்சத்திரங்கள் சொந்தக் கம்பெனி தொடங்கினார்கள். சண்டைப் படங்கள், 'பக்பகான்' என்று அங்கே சொல்வார்கள், பெருகின. சில ஆண்டுகளில் வெளியான மொத்தப் படங்கள் 200-ஐத் தாண்டின. மாதச் சம்பளம் போய், படத்துக்குப் படம் கூலி என்றானது.

இந்தப் புது ஏற்பாட்டில் துணை நடிகர்களுக்குள் ஒரு படிநிலை உருவானது. உச்சியில் கோட் போட்ட மூளைக்காரன்: நீதிபதி, மேயர், பண்ணையார், கடத்தல் கும்பல் தலைவன். எடி கார்சியாவின் இடம் அது. அடுத்து அவனுடைய வலதுகை. சுருட்டை முடியும் மீசையுமாக வரும் பாகிட்டோ டியாஸ், பருத்த உடலும் கரகரக் குரலுமாக மேக்ஸ் அல்வராடோ போன்றவர்கள். நாயகன் பக்கத்தில் சிரிப்பு மூட்டும் தோழன், எஃப்.பி.ஜே. படங்களில் பெரும்பாலும் டென்சியோ பாடிலா. இவர்களுக்கும் கீழே 'கூன்ஸ்', அதாவது பெயரில்லாத அடியாட்கள். ஸ்டண்ட்காரர்கள் அவர்கள். ஒரே படத்தில் ஒருவரே இரண்டு முறை சாவதும் உண்டு, முகம் தெரியாவிட்டால் சரி.

இதில் யார் விழுந்தாலும், யாருக்கு அடிபட்டாலும் பொறுப்பு யாருடையது என்பதை அன்று யாரும் எழுதி வைக்கவில்லை. நாள் கூலி, வாய்ப்பேச்சு ஒப்பந்தம், கிடைத்தால் சாப்பாடு. நட்சத்திரம் தாமதமாக வந்தால் மற்றவர்கள் காத்திருக்க வேண்டும், ராத்திரி எத்தனை மணி ஆனாலும். 1990-களில் ஏழு நாளில் ஒரு படத்தை எடுத்து முடிக்கும் 'பிட்டோ-பிட்டோ' முறை வேறு வந்தது. பின்னால் வரும் விபத்தைத் தனியாகப் பார்க்காமல் இந்தப் பழக்கத்தோடு சேர்த்துப் பார்க்க வேண்டும் என்பதால் இதைச் சொல்கிறேன்.

எடி கார்சியா வேறு இரண்டு கதவுகளையும் திறந்து வைத்திருந்தார். ஒன்று, அமெரிக்கச் சந்தைக்காக பிலிப்பைன்ஸில் குறைந்த செலவில் எடுக்கப்பட்ட ஆங்கிலப் படங்கள். 1970-இல் 'பீஸ்ட் ஆஃப் பிளட்' படத்தில் பைத்தியக்கார டாக்டர் லோர்கா, 1973-இல் எடி ரொமேரோ இயக்கிய 'பிளாக் மாமா, ஒயிட் மாமா'வில் போலீஸ் கேப்டன் குருஸ். மேலை நாட்டு ரசிகர்களில் பலருக்கு இன்றும் அவரைத் தெரிந்தது இந்தப் படங்களால்தான். இவற்றைப் பற்றி நீட்டிச் சொல்ல ஒன்றுமில்லை. கிடைத்த வேலையைச் சுத்தமாகச் செய்திருக்கிறார்.

இன்னொன்று இயக்கம். 1961-இல் 'கருக்தோங் நங் காஹபோன்' தொடங்கி இயக்கினார். நோரா ஆனோரை வைத்து 1978-இல் எடுத்த 'அட்சாய்' கிராமத்திலிருந்து வீட்டுவேலைக்கு வந்த பெண்ணின் கதை. அந்த ஆண்டு மெட்ரோ மணிலா திரைப்பட விழாவில் நடிப்புக்கென்று இருந்த ஒரே விருதை நோராவுக்கு வாங்கித் தந்தது. 1981-இல் ஷாரோன் குனேட்டாவோடு ஒரு காதல் படம், 1982-இல் வில்மா சாண்டோஸோடு 'சினசம்பா கிட்டா', 1989-இல் 'இமோர்ட்டல்' என்று பெரிய நட்சத்திரங்களின் பெரிய படங்கள். இயக்குநராகப் பெயர் வாங்கிய பிறகும் மற்றவர் படங்களில் அடி வாங்கிச் சாகும் வேடத்துக்குப் போய்க்கொண்டே இருந்தார். கௌரவக் குறைச்சல் என்று நினைக்கவில்லை. அவர் வில்லத்தனம் மற்றவர்களைவிட அளவாக இருந்ததற்கு இதுவும் காரணம் என்று நான் நினைக்கிறேன். ஒரு காட்சிக்கு எது தேவை, எது மிகை என்று கேமராவுக்குப் பின்னால் நின்று பழகியவர் அவர்.

அவர் இயக்கியவற்றில் ஒரு படத்தைத் தாண்டிப் போக முடியாது. 1969, அதிபர் பெர்டினாண்ட் மார்கோஸ் இரண்டாம் முறை தேர்தலில் நின்ற ஆண்டு. மார்கோஸ் தம்பதியின் வாழ்க்கையைப் புகழ்ந்து 'பினக்புக்லோட் நங் லாங்கிட்' என்ற படம் வந்தது. லூயிஸ் கொன்சாலெஸ் மார்கோஸாகவும் குளோரியா ரொமேரோ இமெல்டாவாகவும் நடித்தார்கள். இயக்கியவர் எடி கார்சியா. மூன்று ஆண்டுகளில் மார்கோஸ் நாட்டில் ராணுவச் சட்டத்தைக் கொண்டுவந்தார். அந்தப் படத்துக்காக எடி கார்சியாவைத் தூக்கில் போட வேண்டியதில்லை, மறைக்கவும் வேண்டியதில்லை.

ஏனென்றால் 1971-இல் அதே மனிதர் லீனோ பிரோக்காவின் 'துபோக் சா கின்டோ'வில் நடித்தார். டான் பெனிட்டோ என்ற பணக்காரர். மனைவி இருக்கிறாள், வளர்ந்த மகன் இருக்கிறான். ஆண்கள்மேல் தனக்குள்ள ஈர்ப்பை ஒளித்து வைத்து வாழ்கிறார். வீட்டு டிரைவர் அதைக் கண்டுபிடித்து அவரைப் பிழிகிறான். மீசையும் துப்பாக்கியும் ஆண்மையின் அடையாளமாக இருந்த ஒரு சினிமாவில், சண்டைப் பட வில்லன் ஒருவர் இந்த வேடத்தை ஏற்பது சாதாரண விஷயமில்லை. கேலிக்கு இடம் கொடுக்காமல் நடித்தார். அதிகாரம் உள்ளவனாகவே பார்த்துப் பழகிய அந்த முகம் இதில் பயத்தில் வெளிறுகிறது. நாயகனாக மட்டும் நடித்துவந்த ஒருவருக்கு இழக்க நிறைய இருந்திருக்கும். எந்த வேடத்துக்கும் போகலாம் என்ற சுதந்திரம் துணை நடிகருக்கு உண்டு. எடி கார்சியா அதை முழுசாகப் பயன்படுத்திக்கொண்டார்.

2000-ஐ ஒட்டி பழைய சண்டைப் படங்கள் தேய்ந்தன. எஃப்.பி.ஜே. 2004-இல் அதிபர் தேர்தலில் நின்று தோற்று, அதே ஆண்டு டிசம்பரில் இறந்தார். அந்தக் காலத்து முகங்கள் ஒவ்வொன்றாக மறைந்தன. எடி கார்சியா மட்டும் வேலைக்குப் போய்க்கொண்டே இருந்தார். படங்களும் தொடர்களும் சேர்த்து 600-ஐத் தாண்டும் என்று சொல்வார்கள். கூட நடித்தவர்கள் எல்லாரும் ஒரே குரலில் சொல்வது இரண்டு விஷயங்கள்: சொன்ன நேரத்துக்கு முன்பே தளத்தில் இருப்பார், வசனம் முழுவதும் மனப்பாடமாக இருக்கும். உடற்பயிற்சியை விடவில்லை.

அதற்குக் கிடைத்த பலனைக் கடைசி பத்தாண்டுகளில் பார்க்கிறோம். 2012-இல் ஜுன் ரோபிள்ஸ் லானாவின் 'புவாகாவ்'. வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகும் தபால் நிலையத்துக்குத் தினமும் போகும் ஒரு கிழவர். தன்பாலின ஈர்ப்பை வயதான பிறகே தனக்குத்தானே ஒப்புக்கொண்டவர். தனக்கான சவப்பெட்டியை முன்கூட்டியே வாங்கி வைத்திருக்கிறார். துணைக்கு ஒரு தெருநாய். எண்பத்து மூன்று வயதில், படம் முழுவதையும் சுமக்கும் நாயக வேடம்!

2018-இல் 'எம்எல்'. மார்கோஸ் காலத்துப் போலீஸ் படையில் இருந்த ஓய்வு பெற்ற கர்னல். மறதி நோய். கல்லூரிப் பையன் ஒருவன் பாடத்துக்காகப் பேட்டி எடுக்க வீட்டுக்கு வருகிறான். கர்னலின் மூளையில் அது இன்னும் ராணுவச் சட்டக் காலம், வந்தவன் கலகக்காரன். விருந்தாளியை உட்காரச் சொல்லி உபசரிக்கும் தாத்தா, அடுத்த நிமிடம் விசாரணை அதிகாரி. முகபாவம் பெரிதாக மாறுவதில்லை. குரல் ஒரு படி இறங்குகிறது, அவ்வளவுதான். வால்டெராமாவிடம் பார்த்த அதே நிம்மதி இங்கே இன்னும் பயங்கரமாக இருக்கிறது, ஏனென்றால் இந்த ஆள் தன் கடமையைச் செய்வதாகவே நம்புகிறான். சினமலாயா என்ற சுயாதீனத் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது கிடைத்தது. 1969-இல் அந்தப் புகழ்ப் படத்தை எடுத்தவரே 2018-இல் இதை நடித்தார் என்பதையும் சேர்த்து எழுதினால்தான் அவர் கணக்கு முழுமையாகும். அதே ஆண்டு கடைசியில் 'ரெயின்போஸ் சன்செட்'. அதில் அவருக்கு மனைவியாக வந்தவர், அன்று இமெல்டாவாக நடித்த குளோரியா ரொமேரோ.

இனி விபத்துக்கு வருவோம்.

2019 ஜூன் 8. மணிலாவின் தொண்டோ பகுதியில் ஒரு தொலைக்காட்சித் தொடரின் ஷூட்டிங். எடி கார்சியாவுக்கு வயது தொண்ணூறு நிறைந்து ஒரு மாதம் ஆகியிருந்தது. சண்டைக் காட்சி. வேகமாக நகர்ந்தவரின் காலில் தரையில் கிடந்த கேபிள் சிக்கியது. முகம் குப்புற விழுந்தார். மாரடைப்பு என்றுதான் முதலில் செய்தி வந்தது. விழுந்த காட்சியின் வீடியோ வெளியே பரவிய பிறகுதான் தடுக்கி விழுந்தது உலகத்துக்குத் தெரிந்தது. கழுத்துப் பகுதி முதுகெலும்பு முறிந்திருந்தது. நினைவு திரும்பவே இல்லை. ஜூன் 20 மாலை மகாட்டி மருத்துவமனையில் இறந்தார்.

கேபிள் என்பது எந்த ஷூட்டிங் தளத்திலும் இருப்பது. விளக்குக்கு, ஒலிக்கு, கேமராவுக்கு என்று தரையெல்லாம் ஓடும். நடிகர் நடக்கும் பாதையில் அதை டேப் ஒட்டி அமுக்குவதும், பாதையை மாற்றுவதும், ஒத்திகையில் நடந்து பார்ப்பதும் செலவில்லாத வேலைகள். அடுத்தது விழுந்த பிறகு நடந்தது. கழுத்தில் அடிபட்டவரை அசைக்கக் கூடாது. கழுத்தை இறுக்கிப் பிடித்து, பலகையில் வைத்துத்தான் தூக்க வேண்டும். பதறிப்போய் ஓடி வருகிறவர்களுக்கு இது தெரியாது, தெரியாததில் குற்றமும் இல்லை. தெரிந்த ஒருவரைத் தளத்தில் நிறுத்தி வைப்பது தயாரிப்பாளரின் வேலை. ஆம்புலன்ஸ் இல்லை, டாக்சியில்தான் கொண்டுபோனார்கள் என்று குடும்பத்தார் குற்றம் சாட்டினார்கள். தொழிலாளர் துறை விசாரித்தபோது முதலுதவிப் பயிற்சி பெற்றவர் தளத்தில் இல்லாததும், விபத்தை உரிய நேரத்தில் தெரிவிக்காததும் பிரச்சினையாக எழுந்தன.

இத்தனைக்கும் சட்டம் இல்லாமல் இல்லை. வேலையிடப் பாதுகாப்புக்கான குடியரசுச் சட்டம் 11058, 2018 ஆகஸ்டிலேயே கையெழுத்தாகிவிட்டது. பாதுகாப்பு அதிகாரியும் முதலுதவியாளரும் வேண்டும் என்று அது சொல்கிறது. திரைத்துறை வேலை நேரம் பற்றி 2016-இல் தொழிலாளர் துறை ஓர் ஆலோசனைக் குறிப்பும் வெளியிட்டிருந்தது. ஆனால் ஆலோசனையை மீறினால் யார் என்ன செய்ய முடியும்? தொழிற்சாலைக்கு ஒரு முகவரி இருக்கிறது, ஆய்வாளர் போய்க் கதவைத் தட்டலாம். ஷூட்டிங் இன்றைக்கு ஒரு தெரு, நாளைக்கு இன்னொரு தெரு. வேலை செய்பவர்களில் பலர் ஊழியர்களா, சுயமாக ஒப்பந்தம் செய்தவர்களா என்பதே தெளிவில்லை. பிரபலமான நடிகருக்கே இப்படி என்றால், 'கூன்ஸ்' கூட்டத்தில் விழுந்து எழுந்தவர்களுக்கு என்ன நடந்திருக்கும் என்று நினைத்துப் பார்க்கவே கஷ்டமாக இருக்கிறது. அவர்கள் விழுந்ததற்கு வீடியோ இல்லை, செய்தியும் இல்லை.

அவருடைய வாழ்க்கைத் துணைவியின் மகன் அப்போது நாடாளுமன்ற உறுப்பினர். அந்த ஆண்டே மசோதா தாக்கலானது. ஒரு நாடாளுமன்றக் காலத்தில் முடியாமல் அடுத்ததற்குப் போனது. கடைசியில் 2024 மே 24 அன்று குடியரசுச் சட்டம் 11996 ஆகக் கையெழுத்தானது. எல்லாரும் அதை எடி கார்சியா சட்டம் என்றே சொல்கிறார்கள். கையெழுத்திட்ட அதிபர், 1969-இல் எடி கார்சியா யாருடைய கதையை எடுத்தாரோ அந்தத் தம்பதியின் மகன்.

சட்டத்தில் உள்ளவை பெரும்பாலும் எளிய விஷயங்கள். வேலை தொடங்கும் முன்பே எழுத்தில் ஒப்பந்தம். நாளுக்கு எட்டு மணி நேரம் வேலை. நீட்டினால் சாப்பாட்டு நேரம் போக 14 மணி நேரத்துக்கு மேல் கூடாது. வாரத்துக்கு 60 மணி நேரம்தான் உச்சம். சமூகக் காப்பீடு, சுகாதாரக் காப்பீடு, வேலையிடப் பாதுகாப்பு. நடிகர்களோடு லைட்மேன், ஸ்டண்ட்காரர், உதவியாளர் என்று திரைத்துறை, தொலைக்காட்சியில் வேலை செய்யும் எல்லாருக்கும். வாய்ப்பேச்சில் ஓடிய ஒரு தொழிலுக்கு முதல் வரி அந்த எழுத்து ஒப்பந்தம்தான், அதை நான் மற்ற எல்லாவற்றையும்விடப் பெரிதாக நினைக்கிறேன்.

வேலை நேர விதியில் எனக்குத் திருப்தி இல்லை. நாலு நாள் தொடர்ந்து 14 மணி நேரம் வேலை வாங்கினாலும் 56 மணி நேரம்தான் ஆகிறது, சட்டப்படி தவறில்லை. நாலாம் நாள் பன்னிரண்டாவது மணி நேரத்தில் கேபிளுக்கு டேப் ஒட்ட வேண்டிய பையனும் தூக்கக் கலக்கத்தில் இருப்பான், அந்தப் பாதையில் ஓட வேண்டிய ஸ்டண்ட்காரரும் தூக்கக் கலக்கத்தில் இருப்பார். அந்த 14-ஐ 12 ஆகக் குறைக்கக் கேட்க வேண்டும். 2016-இன் ஆலோசனைக் குறிப்பே 12 என்றுதான் சொன்னது.